நாள் பார்த்தலும் நாள் மறத்தலும்

நாள் பார்ப்பதில் நம்மவரை விஞ்சியவர் இலர். பெண் பார்க்கப் போவதற்கு ஒரு நாள், புதுவீட்டில் பால் காய்ச்சுவதற்கு ஒரு நாள், ஊருக்குப் பயணம் புறப்படுவதற்கு ஒரு நாள். தில்லி மாநகருக்கு வந்து எத்தனை ஆண்டுகள் கழிந்தாலும், சமையலறைக் கதவருகே தொங்கும் தினசரி நாட்காட்டியை ஒருமுறை நோக்காமல் நம் இல்லங்களில் எதுவும் தொடங்குவதில்லை. கடிகாரம் பார்த்து அலுவலகம் செல்லும் நாமே, இராகு காலம் பார்த்து வங்கிக்குள் நுழைகிறோம்.

நாம் ஸ்கூட்டர் வாங்கியதும் பார்த்து வைத்த நாளில்தான். 2014-ஆம் ஆண்டு தை மாதத்து வளர்பிறையில், நல்ல நேரத்தில் வண்டியை எடுத்து, இராமகிருஷ்ணபுரத்து மலை மந்திர் வாயிலில் கொண்டுபோய் நிறுத்தினோம். சந்தனமும் குங்குமமும் இட்டு, மாலை சூட்டி, சக்கரத்தின் கீழ் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கிய பிறகே வீட்டுக்கு ஓட்டி வந்தோம். அன்று பார்க்க வேண்டிய நாட்களையெல்லாம் பார்த்துவிட்டதாகவே நம் எண்ணம். ஆயினும் பாராமல் விட்ட நாள் ஒன்று பின்னால் வந்தது. எந்தப் பஞ்சாங்கத்திலும் அது இல்லை. நம் சட்டைப் பைக்குள்ளேயே, ஓட்டுநர் உரிமத்தின் அட்டையில் அச்சாகியிருந்தது.

நாம் மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தர். குடந்தையில் பி.ஏ. முடித்து, பணியாளர் தேர்வாணையத்தின் தேர்வெழுதி, 2005-ஆம் ஆண்டு தில்லிக்கு வந்தோம். அலுவலகக் குறிப்புகளில் 'நான்' என்று எழுதும் வழக்கம் கிடையாது. 'சமர்ப்பிக்கப்படுகிறது', 'ஆணை வேண்டப்படுகிறது' என்று ஆள் தெரியாமல் எழுதியே கை பழகிவிட்டது. அந்தப் பழக்கத்தால் இக்கட்டுரையிலும் 'நாம்' என்றே வருகிறது. அன்பர்கள் பொறுத்தருள வேண்டும்.

நம் பிரிவின் வேலையே நாட்களைக் காப்பதுதான். எவருக்கு எந்த மாதம் ஊதிய உயர்வு, எவருடைய தகுதிகாண் பருவம் எப்போது முடிகிறது, எவர் எந்நாளில் ஓய்வு பெறுகிறார் என்பனவெல்லாம் நம் பதிவேடுகளில் உள்ளன. அவற்றுள் ஒன்று அலுவலகக் கார் ஓட்டுநர்களுக்கான பதிவேடு. மூவருடைய உரிமங்களும் முடியும் நாளைச் சிவப்பு மையில் குறித்து, இரண்டு மாதங்களுக்கு முன்பே நினைவூட்டுக் குறிப்பு அனுப்புவது நம் பொறுப்பு. ஒருமுறை ஓட்டுநர் ஒருவர் புதுப்பிப்பதில் ஒன்பது நாள் தாமதித்தார். அந்த ஒன்பது நாளும் அவரை வண்டியைத் தொட விடாமல் கோப்புகளைச் சுமக்க வைத்தோம். அவர் நம்மை இன்றளவும் முழுமையாக மன்னிக்கவில்லை.

நம்முடைய உரிமம் 2002-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் குடந்தையில் பெற்றது. அப்போது நமக்கு வயது 23. 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின்படி அந்நாளில் ஓர் உரிமம் 20 ஆண்டுகளுக்கோ, உரியவர் 50 வயதை எட்டும் வரைக்கோ, இவற்றுள் எது முந்தியதோ அதுவரை செல்லும். ஓரிடத்தில் பெற்ற உரிமம் இந்தியா முழுவதும் செல்லும் என்பதும் அச்சட்டத்தின் விதி. ஆகவே தில்லியிலும் அதையே வைத்து ஓட்டினோம். 20 ஆண்டு என்பது இளமையில் கணக்கிட முடியாத காலம். 2022-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் அக்காலம் முடிந்தது.

மறந்துவிட்டோம் என்று எழுதினால் அது முழு உண்மையாகாது. 2023-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் ஊருக்குப் போகும் வழியில் இரயிலில் அடையாளத்துக்காக அந்த அட்டையை எடுத்தபோதே நாளைக் கவனித்தோம். 'அடடா' என்றோம். 'ஊரிலிருந்து திரும்பியதும் முதல் வேலை இதுதான்' என்றோம். திரும்பிய பிறகு ஆண்டு முடிவுக் கணக்கு வந்தது; பிறகு மகளின் தேர்வு வந்தது; பிறகு வெயில் வந்தது. கொரோனா காலமும் நம் மனத்தில் ஒரு சோம்பலை ஊட்டியிருந்தது. 2020 பிப்ரவரி முதல் நாளுக்குப் பின் முடிவடைந்த வாகன ஆவணங்கள் எல்லாம் செல்லுமென்று மத்திய அரசே பலமுறை காலம் நீட்டித்தது அன்பர்களுக்கு நினைவிருக்கும். அச்சலுகை 2021 அக்டோபர் 31-ஆம் நாளோடு முடிந்துவிட்டது. ஆயினும் 'நாள் கடந்தால் என்ன, யாரேனும் நீட்டித்துத் தருவார்கள்' என்ற நினைப்பு மட்டும் நம்மிடம் முடியவில்லை.

2023-ஆம் ஆண்டு மார்கழி பிறந்து ஒரு வாரம் ஆகியிருந்தது. மார்கழி என்றால் நம்மூரில் பனி. தில்லியில் அது மூடுபனி. விடியற்காலைப் பூசை முடிந்து, கையில் பொங்கல் பிரசாதத்துடன், நாமும் இல்லத்தரசியும் மலை மந்திரிலிருந்து ஸ்கூட்டரில் திரும்பிக்கொண்டிருந்தோம். பத்தடிக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை. மெதுவாகத்தான் வந்தோம். அரசுக் குடியிருப்பின் பக்கச் சந்திலிருந்து ஒரு சைக்கிள் விளக்கில்லாமல் வெளிப்பட்டது. நாம் பிரேக்கைப் பிடித்தோம். ஈரச் சாலையில் வண்டி வழுக்கியது. மூவரும் விழுந்தோம். இல்லத்தரசிக்கு முழங்காலில் சிராய்ப்பு. நமக்கு ஒன்றும் இல்லை. சைக்கிளில் வந்தவர் இடக்கையை மார்போடு அணைத்துக்கொண்டு எழ முடியாமல் அமர்ந்திருந்தார். சுற்றிலும் அன்றைய செய்தித்தாள்கள் ஈரத்தில் பரவிக் கிடந்தன.

அவர் வீடு வீடாகப் பத்திரிகை போடுபவர், பீகாரின் தர்பங்கா பக்கத்தவர், ஐம்பது வயதிருக்கும். ஆட்டோவில் ஏற்றி மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றோம். முன்கை எலும்பு இரண்டிடத்தில் முறிந்திருந்தது. வலியில் முகம் வெளுத்திருந்த நிலையிலும் அவர் நம்மைப் பார்த்து ஒரே கேள்வியைத்தான் திரும்பத் திரும்பக் கேட்டார்: "பாபுஜி, 140 வீடு இருக்கிறதே, நாளைக்கு யார் பேப்பர் போடுவார்கள்?"

மருத்துவமனையில் பணியிலிருந்த காவலர் பெயர்களையும் வண்டி எண்ணையும் குறித்துக்கொண்டார். விசாரணை அதிகாரி மறுநாள் வருவார், வண்டியின் ஆவணங்களையும் ஓட்டியவரின் உரிமத்தையும் எடுத்து வாருங்கள் என்று சொல்லி அனுப்பினார். அன்றிரவு வீட்டில் எல்லாவற்றையும் மேசைமேல் பரப்பினோம். பதிவுச் சான்று சரி. காப்பீடு சரி, மூன்று வாரம் முன்புதான் புதுப்பித்தது. புகைச் சான்றும் சரி. கடைசியாக உரிமத்தை எடுத்து வைத்தோம். இல்லத்தரசி அதைக் கையிலெடுத்து விளக்கருகே பிடித்துப் பார்த்தாள். ஒன்றும் பேசாமல் மீண்டும் மேசைமேல் வைத்தாள்.

செய்தி கேட்டுத் தொலைபேசியில் அழைத்த அலுவலக நண்பர் ஒருவர் வழி சொன்னார். அவர் கெட்டவர் அல்லர்; உதவும் எண்ணத்தோடுதான் சொன்னார். நம் மைத்துனன் அப்போது நம்முடன் தங்கி அரசுத் தேர்வுகளுக்குப் படித்துக்கொண்டிருந்தான். அவனிடம் நல்ல உரிமம் உண்டு. வண்டியை ஓட்டியவன் அவனே என்று எழுதிக் கொடுத்துவிட்டால் எல்லாம் தீர்ந்தது என்றார் நண்பர். "உங்களுக்காக மட்டும் சொல்லவில்லை. உரிமம் சரியாக இருந்தால் காப்பீட்டு நிறுவனம் தடை சொல்லாமல் பணம் கொடுக்கும். அந்த ஏழைக்குத்தானே நல்லது?" என்று அவர் கேட்டபோது நம்மிடம் மறுமொழி இல்லை.

மைத்துனனும் தயாராகவே இருந்தான். "அத்தான், நான் சொல்லிவிடுகிறேன். என் லைசென்ஸ் 2039 வரைக்கும் இருக்கிறது," என்றான். அவன் 20 வயதில், 2019-ஆம் ஆண்டின் இறுதியில் உரிமம் பெற்றவன். அவ்வாண்டு செப்டம்பரில் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி 30 வயதுக்குள் பெறுவோர்க்கு அது 40 வயது வரை செல்லும். அந்தப் பதினாறு ஆண்டு மிச்சத்தை அவன் நமக்குக் கடன் கொடுக்க முன்வந்தான்.

இல்லத்தரசி அதுவரை பேசவில்லை. பிறகு நம்மை நோக்கிக் கேட்டாள்: "வேலை கிடைத்தால் இவன் ஒரு படிவம் நிரப்ப வேண்டுமே, உங்கள் மேல் எப்போதாவது வழக்கு நடந்ததா என்று. அந்தப் படிவத்தைச் சரிபார்க்கிறவர் நீங்கள்தானே? இவன் அதில் என்ன எழுதுவான்?"

சற்றுப் பொறுத்து, "பின்னால் உட்கார்ந்திருந்தவள் நான். யார் ஓட்டினது என்று என்னையும் கேட்பார்கள்," என்றாள்.

ஆம், அந்தப் படிவங்களை நாம் நூற்றுக்கணக்கில் கண்டிருக்கிறோம். கைது செய்யப்பட்டது உண்டா, வழக்குத் தொடரப்பட்டது உண்டா என்ற கேள்விகளுக்கு எதிரே ஓர் 'உண்டு' வந்துவிட்டால் கோப்பு எத்தனை மேசைகளில் எத்தனை மாதம் உறங்கும் என்பது நமக்கு நன்றாகத் தெரியும். உண்மையை மறைத்தால் விளைவது அதனினும் கொடிது. நம் அட்டையின் நாளை நீட்டிக்க, ஓர் இளைஞனின் வாழ்நாளில் கை வைக்கப் பார்த்தோம் என்பது அப்போதுதான் உறைத்தது.

அன்றிரவு உறக்கம் வரவில்லை. சட்டப் புத்தகத்தை எடுத்து வைத்துக்கொண்டு படித்தோம். படித்தவற்றை அன்பர்களுக்குப் பயன்படும் என்பதால் இங்கே சுருக்கித் தருகிறோம்.

இந்நாட்டில் மோட்டார் வாகனங்களுக்கென முதல் சட்டம் 1914-ல் பிறந்தது. பின்னர் 1939-ஆம் ஆண்டுச் சட்டம் வந்தது. அதனை நீக்கி வந்த 1988-ஆம் ஆண்டுச் சட்டமே, 1989 ஜூலை முதல் நாள் தொட்டு, பல திருத்தங்களுடன் இன்றும் நம்மை ஆள்கிறது. அதன் 3-ஆம் பிரிவு, நடப்பிலுள்ள உரிமம் இல்லாமல் பொது இடத்தில் எவரும் மோட்டார் வாகனம் ஓட்டலாகாது என்கிறது. 'நடப்பிலுள்ள' என்ற சொல்லே முதன்மையானது. முடிந்துபோன உரிமத்தை வைத்திருப்பவரும், உரிமமே பெறாதவரும் 181-ஆம் பிரிவின் முன் ஒரே வரிசையில் நிற்கிறார்கள். மூன்று மாதம் வரை சிறை, அல்லது 5000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். 2019-க்கு முன் அந்த அபராதம் 500 ரூபாயாக இருந்தது. இத்தகையவரிடம் தம் வண்டியை ஓட்டக் கொடுக்கும் உரிமையாளருக்கும் 180-ஆம் பிரிவு இதே அளவு தண்டனையை வைத்திருக்கிறது.

பழைய விதியில் ஒரு கருணை இருந்தது. முடியும் நாளுக்குப் பின்னும் 30 நாட்கள் உரிமம் செல்லுமென்று அது சொல்லியது. 2019-ஆம் ஆண்டுத் திருத்தம் அக்கருணையை எடுத்துவிட்டது. புதுப்பிக்க விண்ணப்பிப்பதற்கு மட்டும் முடியும் நாளுக்கு முன் ஓராண்டும் பின் ஓராண்டும் அவகாசம் தந்தது. இந்தப் பின் ஓராண்டைத்தான் நம்மில் பலர் தவறாக விளங்கிக்கொள்கிறோம். அது விண்ணப்பம் கொடுப்பதற்கான அவகாசம். வண்டி ஓட்டுவதற்கான அவகாசம் அன்று. முடிந்த நாளுக்கு மறுநாள் சாலையில் இறங்கினாலும் அவர் உரிமம் இல்லாதவரே. ஓராண்டும் கடந்துவிட்டால் மீண்டும் ஓட்டிக் காட்டித் தேர்ச்சி பெற்றாலன்றிப் புதுப்பிக்க முடியாது. நாம் கடந்திருந்தது பதினாறு மாதம்.

இவ்வளவும் தண்டனை பற்றியது. நம்மவர்க்கு அச்சம் வருவதும் இதனால்தான். 'பிடித்தால் 5000' என்பதோடு கணக்கை முடித்துக்கொள்கிறோம். ஆனால் அடுத்த பக்கத்தைப் புரட்டியபோதுதான் நம் கை நடுங்கியது.

காப்பீட்டு ஆவணத்தை நாம் ஆண்டுதோறும் வாங்கிப் பெட்டியில் வைக்கிறோமேயன்றிப் படிப்பதில்லை. ஓட்டுபவர் நடப்பிலுள்ள உரிமம் உடையவராக இருத்தல் வேண்டும் என்ற நிபந்தனை அதில் அச்சாகியிருக்கிறது. அது பொய்த்தால், நம் வண்டிக்கு நேர்ந்த சேதத்துக்கு நிறுவனம் பணம் தர மறுக்கலாம். உரிமையாளரே ஓட்டும்போது உயிரிழந்தால் குடும்பத்துக்குக் கிடைக்க வேண்டிய 15 லட்சம் ரூபாய்த் தனிநபர் விபத்துக் காப்பீடும் இந்த நிபந்தனைக்கு உட்பட்டதே. அன்று பனியில் நாம் மடிந்திருந்தால், மூன்று வாரம் முன்பு பணம் கட்டிப் புதுப்பித்த அந்தக் காகிதத்தால் இல்லத்தரசிக்கும் மகளுக்கும் ஒன்றும் கிடைத்திராது.

மூன்றாமவருக்கு, அதாவது சாலையில் நம்மால் அடிபட்டவருக்கு, என்ன ஆகும்? இதைப் பற்றி உச்சநீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு 2004-ஆம் ஆண்டு விரிவாகத் தீர்ப்பளித்திருக்கிறது. உரிமக் குறை ஒன்றைக் காட்டி மட்டும் நிறுவனம் கைகழுவ இயலாது. உரிமையாளர் அறிந்தோ கவனக்குறைவாலோ நிபந்தனையை மீறினார் என்பதை நிறுவனமே மெய்ப்பிக்க வேண்டும். மெய்ப்பித்த பிறகும் பாதிக்கப்பட்டவருக்கு முதலில் கொடுத்துவிட்டுப் பின்னர் உரிமையாளரிடம் வசூலிக்குமாறு ஆணையிடலாம் என்பது அதன் சாரம். முடிந்த உரிமத்தோடு ஓட்டிய வழக்குகளில் நிறுவனம் அறவே விடுவிக்கப்பட்ட தீர்ப்புகளும் பின்னால் உண்டு. எப்படியாயினும் சுமை இறுதியில் உரிமையாளர் தலையில் வந்து இறங்கும். தாமே ஓட்டிய உரிமையாளர், 'எனக்குத் தெரியாது' என்று சொல்லவும் வழியில்லை.

ஒன்றை மட்டும் நம் ஆறுதலுக்காகவும் சொல்ல வேண்டும். உரிமம் இல்லை என்பதனாலேயே விபத்து அவர் தவறுதான் என்று ஆகிவிடாது. தவறு யாருடையது என்பதைச் சாலையில் நடந்ததை வைத்தே முடிவு செய்ய வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 2008-ல் சொல்லியிருக்கிறது. ஆனால் நம் வழக்கில் அந்த ஆறுதலும் முழுமையாக இல்லை. விளக்கில்லாத சைக்கிள் அவருடையது. பனியில் நிற்க முடியாத வேகம் நம்முடையது.

மறுநாள் காலை விசாரணை அதிகாரி கேட்டார், ஓட்டியது யார் என்று. நான்தான் என்றோம். உரிமத்தை வாங்கித் திருப்பிப் பார்த்தார். அவர் முகத்தில் வியப்பும் இல்லை, கோபமும் இல்லை. எழுதிக்கொண்டார். அலுவலகத்துக்குச் சென்றதும் பிரிவு அலுவலரிடம் நடந்ததை எழுத்தில் கொடுத்தோம். ஓட்டுநர் பதிவேட்டை வேறொருவரிடம் ஒப்படைக்கட்டுமா என்றும் கேட்டோம். அவர் நெடுநேரம் நம்மைப் பார்த்துவிட்டு, "வேண்டாம், இனிமேல்தான் நீங்கள் அதை நன்றாகப் பார்ப்பீர்கள்," என்றார். காவல்துறை தொடுத்த வழக்கு இன்னும் முடியவில்லை. ஆகவே அதைப் பற்றி இங்கே மேலும் எழுதுதல் முறையாகாது.

இழப்பீட்டு வழக்கு தீர்ப்பாயத்துக்குச் சென்றது. தவணை நாட்களில் நாமும் அவரும் ஒரே பெஞ்சில் அமர்ந்திருப்போம். கைக்கட்டைப் பிரித்திருந்தார்கள்; விரல்கள் முழுமையாக மடங்கவில்லை. ஊரிலிருந்து மகன் வந்து படிப்பை விட்டுவிட்டு அந்த 140 வீடுகளுக்கும் பத்திரிகை போட்டுக்கொண்டிருந்தான். நிறுவனத்தின் வழக்கறிஞர் நம் உரிமத்தின் நகலை மேலே வைத்து இரண்டே வாக்கியம் பேசினார். வெளியே வந்ததும் அவர் நம்மைக் கேட்டார்: "பாபுஜி, தேதி முடிந்தது உங்கள் அட்டையில். கை ஒடிந்தது எனக்கு. இவர்கள் ஏன் அட்டையைப் பற்றியே பேசுகிறார்கள்?"

திருவாரூர் நம் குடந்தைக்குத் தொலைவன்று. மனுநீதிச் சோழன் கதையைச் சிறு வயது முதல் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். தேர்க்காலில் கன்று மடிந்ததையும், மன்னன் தன் மைந்தனையே தேர்க்காலில் இட்டதையும் மேடைதோறும் பேசுகிறோம். அந்தப் பெஞ்சில் அமர்ந்திருந்தபோது நமக்கு மன்னன் நினைவும் வரவில்லை, இளவரசன் நினைவும் வரவில்லை. கொம்பால் மணியை அசைத்த பசுவின் நினைவே வந்தது. தேரில் சென்றவன் நல்லவனா, நாள் பார்த்துப் புறப்பட்டானா என்பவை பசுவின் கேள்விகள் அல்ல. தன் கன்றுக்கு யார் பொறுப்பு என்ற ஒன்றே அதன் கேள்வி. மூன்றாமவர் காப்பீட்டைச் சட்டம் கட்டாயமாக்கியிருப்பது இந்தக் கேள்விக்கு விடையாகத்தான். வண்டி எடுக்கும் ஒவ்வொருவரும், தம் முன்னால் வரப்போகும் முகம் தெரியாத மனிதருக்கு முன்கூட்டியே எழுதிக் கொடுக்கும் உறுதிச்சீட்டு அது. அந்தச் சீட்டு முழுப் பெறுமானத்தோடு நிற்க நம் உரிமம் நடப்பில் இருக்க வேண்டும். பதினாறு மாதமாக நாம் தில்லிச் சாலைகளில் சந்தித்த ஒவ்வொருவரிடமும் செல்லாச் சீட்டை நீட்டிக்கொண்டு போயிருக்கிறோம்.

2024-ஆம் ஆண்டின் இறுதியில் இணக்கமாக ஒரு முடிவு வந்தது. நிறுவனம் அவருக்கு 1,68,000 ரூபாய் கொடுத்துவிட்டு, அத்தொகையை நம்மிடம் வசூலித்துக்கொள்ளும் உரிமையைப் பெற்றது. நாம் 2004-க்குப் பின் பணியில் சேர்ந்தமையால் புதிய ஓய்வூதியத் திட்டத்தில் உள்ளவர். பழையவர்களைப் போல் சேமநிதியிலிருந்து முன்பணம் எடுக்கும் வசதி இல்லை. அலுவலகக் கூட்டுறவுக் கடன் சங்கத்தில் 36 தவணைக் கடன் வாங்கிக் கட்டினோம். 5000 ரூபாய் அபராதத்தை எண்ணி அஞ்சாமல் இருந்தவர்க்கு வந்த கணக்கு இது. ஆயினும் நண்பர் சொன்ன வழியில் போகாததால் மைத்துனனின் படிவம் தூய்மையாக இருக்கிறது. சென்ற ஆண்டு அவன் தேர்வில் வென்று பணியில் சேர்ந்தபோது அதை நிரப்பிக் கொடுத்தான்.

முதலாளிமாரும் அறிய வேண்டிய தீர்ப்பு ஒன்று உண்டு. இமாசலப் பிரதேசத்தில் 1999-ல் ஒரு லாரி விபத்துக்குள்ளாகி ஓட்டுநர் காயமுற்றார். அவருடைய உரிமம் ஏறத்தாழ மூன்றாண்டுகளுக்கு முன்பே முடிந்திருந்தது. பணிக்கு அமர்த்தும்போது உரிமத்தைப் பார்த்தால் மட்டும் போதாது, அது உரிய காலத்தில் புதுப்பிக்கப்படுகிறதா என்றும் உரிமையாளர் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 2020 செப்டம்பரில் சொல்லி, இழப்பீட்டை உரிமையாளர் மீதே சுமத்தியது. வீட்டுக் காருக்கு ஓட்டுநர் வைத்திருக்கும் அன்பர்கள் இதை நினைவில் வைப்பது நலம். ஒன்பது நாள் கோப்புச் சுமந்த நம் அலுவலக ஓட்டுநரிடம் இத்தீர்ப்பைச் சொன்னோம். "அப்படியானால் அன்று நீங்கள் செய்தது சரிதான். உங்களுக்கு யாரும் அப்படிச் செய்யாததுதான் தவறு," என்றார்.

நம் உரிமத்தைப் புதுப்பிக்க 2024-ஆம் ஆண்டு தேர்ச்சித் தளத்தில் நின்றோம். நாற்பதைக் கடந்தவர் ஆகையால் மருத்துவர் சான்றும் வேண்டியிருந்தது. நமக்கு முன்னும் பின்னும் பதினெட்டு, பத்தொன்பது வயதுப் பிள்ளைகள். இருபது ஆண்டு ஓட்டியவர் வளைந்து செல்லும் பாதையில் கால் ஊன்றாமல் ஓட்டிக் காட்ட வேண்டும். முதல் முறை கால் ஊன்றிவிட்டோம். பின்னால் நின்ற சிறுவன் ஒருவன், "அங்கிள், தூரமாகப் பாருங்கள், சக்கரத்தைப் பார்க்காதீர்கள்," என்று கற்றுக்கொடுத்தான். இன்னொரு நாள் சென்று தேர்ச்சி பெற்றோம். இப்போது நம் வயதுக்கு உரிமம் பத்தாண்டு செல்லும், 2034-ல் முடிகிறது. அந்நாளைத் தினசரி நாட்காட்டியின் அட்டையிலேயே சிவப்பு மையில் எழுதி, ஆண்டுதோறும் புது அட்டைக்கு மாற்றி எழுதுவது நம் மகளின் பொறுப்பு.

கை ஒடிந்தவர் மீண்டும் சைக்கிள் ஓட்டுகிறார். விடியற்காலையில் சிலசமயம் எதிர்ப்படுவார். இருவரும் நின்று இரண்டு வார்த்தை பேசுவோம். முன்பெல்லாம் ஒரு கையால் கைப்பிடியைப் பிடித்தபடி மறு கையால் பத்திரிகையைச் சுருட்டி இரண்டாம் மாடிக்கு வீசிவிடுவாராம். இப்போது இடக்கைப் பிடி நிற்பதில்லை. வண்டியை நிறுத்திவிட்டு ஒவ்வொரு வீட்டுக்கும் படியேறிப் போய் வைத்துவிட்டு வருகிறார். அதனால் 140 வீடு 90 வீடாகக் குறைந்துவிட்டது.

இம்மலரைக் கையில் ஏந்தியிருக்கும் அன்பர்களுக்கு ஒரு விண்ணப்பம். புதுப்பிக்கும் விண்ணப்பத்தை இப்போது சாரதி இணையதளத்தில் வீட்டிலிருந்தே தொடங்கலாம். முடிவதற்கு ஓராண்டு முன்பே தொடங்கலாம். ஆகவே இக்கட்டுரையை முடித்ததும் பணப்பையைத் திறந்து அந்த அட்டையை எடுத்து, அதிலுள்ள நாளை ஒருமுறை படியுங்கள். அதற்கு இராகு காலம் பார்க்க வேண்டாம்.